உரிமையாளரிடம் அனுமதி கேட்கவும்

குளித்ததற்காகச் சிஸ்டரம்மாவுக்குப் பாராட்டு வந்தது. வேறு யாரும் இல்லை, பெற்ற பிள்ளைகளே பாராட்டினார்கள். மகன் போனில் கைதட்டும் படம் அனுப்பினான். மகள் கூப்பிட்டு, அழாத குறையாக, "ரொம்ப சந்தோஷம்மா" என்றாள். இதில் வயிற்றெரிச்சல் என்னவென்றால், அந்த நேரத்தில் அவள் குளிக்கவே இல்லை. குளியலறையில் குந்தி உட்கார்ந்து கால்மிதியைத் துவைத்துக்கொண்டிருந்தாள்.

கேட்கிறவர்களுக்குச் சிரிப்பு வரும். அவளுக்கு வரவில்லை. எப்படி வரும்? ஆஸ்பத்திரியில் எலும்பு முறிவு வார்டுக்குத் தலைமை நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றவள் அவள். கால் உடைந்தவன், இடுப்பு உடைந்தவள் என்று எத்தனையோ பேரைப் படுத்த படுக்கையிலேயே திருப்பிப் போட்டு, முதுகு துடைத்து, நகம் வெட்டி, தலைவாரி விட்ட கை. அவள் வார்டுக்குள் வந்து எந்த டாக்டரும் மூக்கைச் சுளித்ததில்லை. இன்றைக்கும் தெருவில் யாருக்கு ரத்தக்கொதிப்பு ஏறினாலும், யாருக்கு ஊசி போட வேண்டியிருந்தாலும் முதலில் தட்டுவது அவள் கதவைத்தான். சிஸ்டரம்மா என்றால்தான் தெருவுக்கே தெரியும். அப்பேர்ப்பட்டவள் குளித்தாளா இல்லையா என்று அவள் முதுகுக்குப் பின்னால் ஒரு கூட்டம் உட்கார்ந்து கணித்துக்கொண்டிருந்திருக்கிறது!

எல்லாவற்றுக்கும் காரணம் அந்த ஹீட்டர்.

பழைய ஹீட்டர் அடிப்பக்கம் துருப்பிடித்து ஒழுக ஆரம்பித்ததும் மகன் ஒரு பெட்டியோடு வந்து இறங்கினான். வெளியூரில் கம்ப்யூட்டர் கம்பெனியில் நல்ல வேலையில் இருப்பவன். அம்மா என்றால் உயிர். அதை மறுப்பதற்கில்லை. ஆனால் பாசத்தைக்கூட ஒரு கருவியாக வாங்கி, சுவரில் திருகி, கரண்ட் கொடுத்தால்தான் அவனுக்குத் திருப்தி.

"இதுல டேங்க்கே கிடையாதும்மா. குழாயைத் திறந்தா அந்த நிமிஷமே சூடு பண்ணிக் கொடுக்கும். மூடினா நின்னுடும்."

"நல்லதாப் போச்சு" என்றாள். உண்மையாகவே நல்லது என்றுதான் நினைத்தாள்.

குழாய்க்காரர் வந்து மாட்டிவிட்டுப் போனார். அதோடு முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. வெந்நீர் கொடுக்கிற பெட்டிக்கு வைஃபை எதற்கு என்று சிஸ்டரம்மாவுக்குப் புரியவில்லை. "அது எங்க பேசப் போகுது, யாரோட பேசப் போகுது?" என்று கேட்டாள். மகன் சிரித்தான். அந்தச் சிரிப்புக்கு அர்த்தம் பிறகுதான் தெரிந்தது.

பாதி நாள் அந்த இணைப்பிலேயே போனது. குளியலறை வீட்டின் கடைசியில். வைஃபை பெட்டி முன்னறையில், டிவிக்குப் பக்கத்தில். நடுவில் சமையலறைச் சுவர். ஹீட்டரின் நீல விளக்கு மினுக்கு மினுக்கென்று மினுக்கும். பிடித்துவிட்டது என்று மகன் மூச்சு விடும்போது சிவப்பாகிவிடும். அப்புறம்தான் கண்டுபிடித்தான், வீட்டில் இரண்டு வைஃபை ஓடுகிறதாம், ஒன்று வேகமானது, ஒன்று மெதுவானது. ஹீட்டருக்கு மெதுவானதுதான் ஒத்துக்கொள்ளுமாம்.

"என்னை மாதிரி" என்றாள் சிஸ்டரம்மா. ஸ்டூல் மேல் நின்ற மகனுக்குக் கீழே நின்று டார்ச் பிடித்துக்கொண்டிருந்தாள்.

கடைசியில் வைஃபை பெட்டியைக் கொண்டுவந்து நடையில், ஃபிரிட்ஜின் தலைமேல் வைத்தான். விளக்கு நிலைத்தது. அவன் போன் கேள்வி கேட்க ஆரம்பித்தது. வீட்டின் பெயர் என்ன? 'அம்மா வீடு' என்று தட்டினான். அவள் மனம் குளிர்ந்தது. அடுத்தது, உரிமையாளர் யார்? தன் பெயரைத் தட்டினான்.

கண்ணாடி போட்டிருந்ததால் அவளுக்கு நன்றாகவே தெரிந்தது. அவளும் அவள் கணவரும் கடன் வாங்கிக் கட்டிய வீடு. அவர் போய்ச் சேர்ந்த பிறகும் அவள்தான் கட்டி அடைத்தாள். வெறும் ஹீட்டருக்குத்தானே என்று வாயை மூடிக்கொண்டாள். அந்த இடத்தில் வாயைத் திறந்திருந்தால் இந்தக் கதையே இல்லை.

"நீ எதையும் தொட வேண்டாம்மா. எல்லாத்தையும் நான் அங்கேருந்தே பாத்துக்குறேன்" என்று சொல்லிவிட்டு மகன் குழாயை முழுசாகத் திறந்தான். ஆவி பறந்தது. அவனுக்கு முகமெல்லாம் பல். அவளுக்கும்தான்.

மறுநாள் காலை சிஸ்டரம்மா தன் வழக்கப்படி குழாயைத் திறந்தாள். அவள் வழக்கம் என்றால், நூல் மாதிரி திறப்பது. வார்டில் படிந்த பழக்கம் அது. அங்கே தொட்டியில் தண்ணீர் எப்போதும் பற்றாது. வாளியில் தண்ணீர் சடசடவென்று விழுந்தால் வலியில் முனகி முனகி அப்போதுதான் கண்ணயர்ந்தவர்கள் எழுந்துவிடுவார்கள். அதனால் குழாயை நூலாகத் திறந்து, சத்தமில்லாமல் வாளி நிறைய விட்டுவிட்டு, அந்த நேரத்தில் படுக்கை விரிப்பை மாற்றுவாள், மருந்து எடுத்து வைப்பாள். வீட்டிலும் அதே கைதான். குழாயை நூலாகத் திறந்துவிட்டுப் போய் அடுப்பில் டீ வைப்பாள். டீ கொதிக்கவும் வாளி நிறையவும் சரியாக இருக்கும்.

வாளி நிறைந்தது. தண்ணீர் பச்சைத் தண்ணீர்.

குழாயைச் சிவப்புப் பக்கம் இன்னும் கொஞ்சம் திருப்பினாள். காத்திருந்தாள். ஹீட்டரைத் தட்டிப் பார்த்தாள். அது நீல விளக்கோடு கம்மென்று இருந்தது. மறுநாளும் அப்படியே. அதற்கு மறுநாளும் அப்படியே. சரிதான், பவிசாக வந்த பெட்டி நான்கு நாளில் படுத்துவிட்டது என்று முடிவு செய்தாள். பழையபடி பெரிய பாத்திரத்தில் தண்ணீர் காய்ச்சி, துணி பிடித்துத் தூக்கிக்கொண்டு போய், வாளியில் விளாவி, தலை முதல் கால் வரை சோப்புப் போட்டு நன்றாகவே குளித்தாள்.

மகன் போன் பண்ணினான். "ஹீட்டர் எப்படிம்மா இருக்கு?"

ஸ்டூல் மேல் ஏறி வேர்த்து விறுவிறுத்து நின்ற முகம் அவள் கண்முன் வந்தது. ஆசை ஆசையாக வாங்கிக் கொடுத்தவனிடம் போய், வேலை செய்யவில்லை என்று எப்படிச் சொல்வது? சொன்னால் லீவு போட்டுவிட்டு ஓடி வருவான். இல்லையென்றால், உனக்குத்தான் பயன்படுத்தத் தெரியவில்லை என்பான். இரண்டும் வேண்டாம்.

"அருமையா இருக்குடா. கொதிக்கக் கொதிக்க வருது" என்றாள்.



"தினமும் அதுலதான் குளிக்கிறியாம்மா?"

"பின்னே? காலையிலயே தலைக்குக் குளிச்சாச்சு."

"சரிம்மா" என்றான். குரல் ஒரு மாதிரி இருந்தது. ஆபீஸில் ஏதோ தொந்தரவு போலிருக்கிறது என்று அவள் அவனுக்காகக் கவலைப்பட்டாள். பாவம்!

அதற்குப் பிறகு பிள்ளைகளின் பேச்சே மாறிவிட்டது. மகள் கூப்பிட்டு எடுத்த எடுப்பில், "இன்னிக்கு என்ன கிழமைம்மா?" என்பாள். "ஏன்டி, உன் வீட்டுல காலண்டர் இல்லையா?" என்று கேட்டால், "சும்மா சொல்லேன்" என்பாள். காலையில் என்ன சாப்பிட்டாய், நேற்று யார் வீட்டுக்கு வந்தார்கள், எதிர்வீட்டுக்காரர் பேர் என்ன என்று கேள்விக்கு மேல் கேள்வி. மருமகள் அவள் பங்குக்கு, "அத்தை, கேஸை மூடிட்டீங்களா?" என்று கேட்டாள். நல்ல பெண், ஆனால் அவள் குரலிலும் குழந்தைக்குச் சோறு ஊட்டும் இழுவை வந்திருந்தது.

இந்தக் கேள்விகள் எங்கேயோ கேட்டவை என்று சிஸ்டரம்மாவுக்கு உறுத்திக்கொண்டே இருந்தது. தலையில் அடிபட்டு வருகிறவர்களிடம் அவளே எத்தனையோ முறை கேட்ட கேள்விகள்தான். அதைத் தன் மேலேயே பிரயோகிப்பார்கள் என்று அவளுக்குத் தோன்றவில்லை. எந்தத் தாய்க்குத் தோன்றும்?

வெட்ட வெளிச்சமானது அந்தக் கால்மிதியால்தான்.

எதிர்வீட்டு லாரி டிரைவருக்குச் சர்க்கரை. பாதத்தில் புண். ஆஸ்பத்திரியில் விரலை எடுக்க வேண்டிவரும் என்று சொல்லிவிட்டார்கள். சிஸ்டரம்மா, "எங்கிட்ட விடு, தினமும் வா" என்று சொல்லி, முன்னறையில் உட்கார வைத்துக் கழுவிக் கட்டுப் போட்டுக்கொண்டிருந்தாள். புண்ணின் ஓரம் இப்போதுதான் இளஞ்சிவப்பாகத் திரும்பியிருந்தது. அன்று அவர் காலை இழுத்ததில் மருந்துப் பாட்டில் கவிழ்ந்து கால்மிதி பூராவும் மஞ்சள். கறை பிடிப்பதற்குள் அலச வேண்டும் என்று அதைச் சுருட்டிக்கொண்டு குளியலறைக்கு ஓடினாள். அவசரத்தில் குழாயை முழுசாகத் திறந்துவிட்டாள்.

தலைக்கு மேல் 'டிக்' என்றது. ஹீட்டர் உறுமியது. கையைச் சுட்டது தண்ணீர்.

சிஸ்டரம்மா குழாயைக் குறைத்தாள். உறுமல் நின்றது. கூட்டினாள். உறுமியது. மறுபடி நூலாக்கினாள், கம்மென்று ஆனது. அடப்பாவி, இவ்வளவுதானா விஷயம்! தண்ணீர் வேகமாக ஓடினால்தான் இது கண் விழிக்குமா? இதைச் சொல்லாமலா போனான் அந்தப் படித்த பிள்ளை? அவன் வீட்டில் குழாயைத் திறந்தால் திறந்ததுதான், மூடத்தான் ஆள் வேண்டும்; நூலாகத் திறக்க ஒருத்தி இருப்பாள் என்று அவனுக்கு எங்கே தோன்றப் போகிறது. அவளுக்குச் சிரிப்பு வந்தது. நல்ல சூட்டில் கால்மிதியை அடித்துத் துவைத்தாள்.

அப்போதுதான் அந்தக் கைதட்டும் படம் வந்தது. ஈரக்கையைத் துடைத்துக்கொண்டு அதைப் பார்த்து முழித்துக்கொண்டிருக்கும்போதே மகள் கூப்பிட்டாள்.

"அம்மா! குளிச்சிட்டியாமே! ரொம்ப சந்தோஷம்மா."

சிஸ்டரம்மா கால்மிதியைக் கீழே வைத்தாள்.

"யார் சொன்னா?"

"அது... சும்மா தோணிச்சும்மா."

"ஏய்." வார்டில் படுக்கைக்கு அடியில் சிகரெட்டை ஒளித்தவனைப் பார்த்துப் பேசுகிற குரலை எடுத்தாள். "யார் சொன்னா?"

மகளுக்குச் சின்ன வயதிலிருந்தே அந்தக் குரல் தாங்காது. கொட்டிவிட்டாள். அண்ணன் போனில் எல்லாம் தெரியுமாம். எப்போது வெந்நீர் ஓடுகிறது, எவ்வளவு நேரம், எவ்வளவு சூடு. மாட்டிய மறுநாளிலிருந்து அதில் ஒன்றுமே ஓடவில்லையாம். ஆனால் அம்மாவைக் கேட்டால் கொதிக்கக் கொதிக்க வருது, தினமும் குளிக்கிறேன் என்கிறாளாம். பிள்ளைகள் மூன்று பேரும், மகன், மருமகள், மகள், 'அம்மா வெந்நீர்' என்று ஒரு குரூப் வைத்திருக்கிறார்களாம். அதில் பேசி, டாக்டர் ஒருவரையும் விசாரித்து, ஞாபகம் தப்பிக்கொண்டிருக்கிறது என்று முடிவு கட்டியாயிற்றாம். வருகிற ஞாயிற்றுக்கிழமை வந்து வீட்டைப் பூட்டிவிட்டு அவளைக் கையோடு கூட்டிக்கொண்டு போவதாக ஏற்பாடு.

"அண்ணன் வீட்டுல உனக்குப் பின்பக்க ரூமை ரெடி பண்ணிட்டோம்மா. ஏசி போட்டாச்சு. இப்ப குளிச்சிட்டதைப் பாத்ததும் எனக்கு அப்படியே..." மகள் மூக்கை உறிஞ்சினாள்.

"வை போனை" என்றாள் சிஸ்டரம்மா.

கோபம் என்றால் அப்படி ஒரு கோபம். புருஷன் செத்த அன்றுகூட நிதானம் தவறாதவள், அந்த ஈரக் கால்மிதியைத் தூக்கிச் சுவரில் அடித்தாள். மூன்று பேர்! அதில் ஒருத்தருக்குக்கூட, "அம்மா, அதுல ஓடவே இல்லைன்னு காட்டுதே, என்ன விஷயம்?" என்று நேராக ஒரு வார்த்தை கேட்கத் தோன்றவில்லையா? அவள் வார்டில் சேருகிற சின்ன நர்ஸுகளுக்கு முதல் நாளே சொல்லித் தருவது ஒன்றுதான். படுத்திருக்கிறவரின் தலைக்கு மேலே அவரைப் பற்றிப் பேசாதே. பேசுவதென்றால் அவரோடு பேசு. முன்பின் தெரியாத ஊர்க்காரர்களுக்கெல்லாம் அந்த மரியாதை கிடைத்தது. அவளுக்குக் கிடைக்கவில்லை.

குளியலறை ஒன்றுதான் வீட்டில் தாழ்ப்பாள் போடுகிற அறை. அவர் இறந்த பிறகு அழ வேண்டியிருந்தபோதெல்லாம் அவள் அங்கேதான் போய் அழுதாள். அங்கேயே கொண்டுவந்து ஒற்றனை மாட்டிவிட்டுப் போயிருக்கிறான். அதற்கு டார்ச் பிடித்ததும் அவள்தான்.

மறுநாள் காலை அவள் ஒரு காரியம் செய்தாள். குழாயை முழுசாகத் திறந்து, வாளியும் வைக்காமல், வெந்நீரை அப்படியே சாக்கடைக்கு ஓட விட்டாள். ஞாயிறு வரை தினமும் இப்படிக் கொஞ்ச நேரம் ஓடவிட்டால் போதும். பெட்டி சாட்சி சொல்லும், பிள்ளைகள் சமாதானமாவார்கள், வீடு மிஞ்சும், டிரைவருக்கும் விரல் மிஞ்சும். போனில் கட்டைவிரல் தூக்கிய படம் வந்து விழுந்தது. ஆவி பறக்க ஓடிப் போகும் தண்ணீரையும் அந்தக் கட்டைவிரலையும் மாறி மாறிப் பார்த்தாள். தன் வீட்டில் தான் சுத்தமாக இருப்பதை நிரூபிக்கத் திருட்டுத்தனமாகத் தண்ணீரைக் கொட்டுகிற நிலைமைக்கு வந்துவிட்டோமே என்று அவளுக்குத் தன் மேலேயே அருவருப்பு வந்தது. குழாயை மூடினாள்.

"இந்த வேலை நமக்கு வேண்டாம்" என்று ஹீட்டரைப் பார்த்துச் சொன்னாள்.

பெட்டியோடு வந்த விளக்கப் புத்தகத்தைத் தேடி எடுத்தாள். குளியலறை வாசலில் ஸ்டூலைப் போட்டுக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். வார்டில் புதிதாக எந்த இயந்திரம் வந்தாலும் அதன் புத்தகத்தை அட்டை முதல் அட்டை வரை படிக்காமல் நோயாளிக்கு மாட்டியதில்லை. அதே சிரத்தையோடு படித்தாள். தண்ணீர் வேகம் குறைந்தால் வேலை செய்யாது என்பது உள்ளே பொடி எழுத்தில் இருந்தது. யாரும் படிக்கவில்லை, அவளையும் சேர்த்து.

ஹீட்டருக்கான ஆப்பைத் தன் போனில் இறக்கினாள். மெதுவான வைஃபையைத் தேர்ந்தாள். கடவுச்சொல் முதல் முறை தப்பு, இரண்டாம் முறையும் தப்பு. மூன்றாம் முறை ஒவ்வொரு எழுத்தாக வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே அடித்தாள். நீல விளக்கு மினுக்கியது. போனில் ஒரு வாசகம் வந்து நின்றது.

'இந்தச் சாதனம் வேறொருவருக்குச் சொந்தமானது. உரிமையாளரிடம் அனுமதி கேட்கவும்.'

சிஸ்டரம்மா அதை ஒரு தடவை மனசுக்குள் படித்தாள். அடுத்த தடவை சத்தமாகப் படித்தாள்.

"யாருகிட்ட? யாருகிட்டடா அனுமதி கேக்கணும்?" வெறும் வீடு அதிர்ந்தது. "சுவர் என்னோடது! கரண்ட் என்னோடது! தண்ணி என்னோடது! உள்ள நின்னு குளிக்கிற உடம்பு என்னோடது! நான் யார்கிட்டப் போய் கேக்கணும்?"

எதிர்வீட்டு டிரைவர் கட்டுப் போட்ட காலை இழுத்துக்கொண்டு வாசலுக்கு வந்துவிட்டார். "சிஸ்டரம்மா, யாராவது உள்ள பூந்துட்டாங்களா?"

"ஆமா. பெத்த பிள்ளைங்கதான். நீ நடக்காதே, போய்க் காலைத் தூக்கி வச்சு உக்காரு" என்று அதட்டி அனுப்பிவிட்டு மறுபடி புத்தகத்தைப் புரட்டினாள்.

கடைசிப் பக்கத்தில் வழி இருந்தது. இரண்டு பொத்தான்களைச் சேர்த்து, அது கத்துகிற வரை அழுத்திப் பிடிக்க வேண்டும். பழைய உறவையெல்லாம் அது மறந்துவிடும். ஸ்டூல் மேல் ஏறினாள். கட்டைவிரல்கள் வலிக்க அழுத்தினாள். பெட்டி நீளமாக ஒரு முறை கத்தி, விளக்கணைந்து, புதிதாகக் கண் விழித்தது. போன் முதலிலிருந்து கேட்டது. வீட்டின் பெயர்? 'என் வீடு' என்று தட்டினாள். உரிமையாளர்? தன் முழுப் பெயரையும், தகப்பன் பெயரின் முதலெழுத்து உட்பட, பிழையில்லாமல் தட்டினாள். விளக்கு நிலைத்து நின்றது. டார்ச் பிடிக்க ஆள் தேவைப்படவில்லை.

மகனிடமிருந்து அன்றே போன். "அம்மா, வைஃபை போயிடுச்சா? ஹீட்டர் கனெக்ஷன் இல்லைன்னு காட்டுது."

"அப்படியா? ஞாயித்துக்கிழமை வர்றீங்களாமே. வந்து பாத்துக்கலாம்" என்றாள், தேன் ஒழுக.

ஞாயிற்றுக்கிழமை காரில் வந்து இறங்கினார்கள். மகள் கையில் பெரிய சூட்கேஸ். தூக்கிய லேசிலேயே காலி என்று தெரிந்தது. மருமகள் அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டு, "மெதுவா, மெதுவா" என்று அவள் வீட்டு முன்னறைக்கே அவளை நடத்திக்கொண்டு வந்தாள். உட்கார்ந்ததும் மூன்று பேரும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டார்கள்.

"நல்லா இளைச்சிட்டாங்க இல்ல?" என்றாள் மருமகள், புருஷனைப் பார்த்து.

"முகமே வாடிப் போச்சு. சாப்பிடறாளோ இல்லையோ" என்றாள் மகள், அண்ணனைப் பார்த்து.

தலைக்கு மேலே பேச்சு ஆரம்பித்துவிட்டது. சிஸ்டரம்மா பல்லைக் கடித்துக்கொண்டாள். மகன் தொண்டையைச் செருமினான். "அம்மா, நாங்க எல்லாரும் யோசிச்சு ஒரு முடிவுக்கு..."

"வெயில்ல வந்திருக்கே. முதல்ல போய்க் குளிச்சிட்டு வா. அப்புறம் உன் முடிவைச் சொல்லு" என்றாள். ஹீட்டரையும் பார்த்த மாதிரி இருக்கும் என்று அவன் துண்டை எடுத்துக்கொண்டு போனான். தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது.

சிஸ்டரம்மாவின் மடியில் இருந்த போன் 'டிங்' என்றது. கண்ணாடியை மாட்டிக்கொண்டாள்.

"வெந்நீர் ஓடுது" என்று அறிவித்தாள், வார்டு முழுக்கக் கேட்கிற குரலில். "நாப்பத்திரெண்டு டிகிரி."

மருமகளும் மகளும் விழித்தார்கள். குளியலறைக்குள் பாட்டுச் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரம் போயிற்று. மகனுக்குக் குளியல் என்றால் சின்ன வயதிலிருந்தே நேரம் காலம் கிடையாது.

"இன்னும் ஓடுது. இவ்வளவு நேரமா என்ன பண்றான்? எதுக்கு உள்ள போனோம்னு மறந்துட்டானோ?" மருமகள் பக்கம் திரும்பினாள். "ஏம்மா, கொஞ்ச நாளா இவன்கிட்ட ஏதாவது மாற்றம் தெரியுதா? கிழமையெல்லாம் சரியாச் சொல்றானா?"

உள்ளே பாட்டு நின்றுவிட்டது.

"அத்தை..." என்று மருமகள் ஆரம்பிக்கும்போதே சிஸ்டரம்மா போனில் விரலை வைத்துக் கீழே இழுத்தாள். உள்ளேயிருந்து ஓர் அலறல்.

"சில்லுனு வருது! யாரு என்ன பண்ணீங்க?"

"ஒண்ணுமில்லடா! நீ எதையும் தொடாதே! எல்லாத்தையும் நான் இங்கேருந்தே பாத்துக்குறேன்!"

தாழ்ப்பாள் படாரென்று திறந்தது. இடுப்பில் துண்டு, காதில் சோப்பு நுரை, கண் எரிச்சலில் ஒரு கண்ணை மூடிக்கொண்டு மகன் முன்னறைக்கே வந்து நின்றான். தாயின் கையிலிருந்த போனைப் பார்த்தான். அவனுக்கு அப்படியொரு கோபம்.

"என்னம்மா இது அசிங்கமா? நான் குளிக்கிறதை நீ எதுக்கும்மா பாக்குற?"

சொல்லிவிட்டான். சொல்லி முடித்த பிறகுதான் அது அவன் காதிலேயே விழுந்தது. மகள் தலையைக் குனிந்துகொண்டாள். துண்டிலிருந்து தண்ணீர் சொட்டுகிற சத்தம் எல்லோருக்கும் கேட்டது.

"நல்லாக் கேட்டே" என்றாள் சிஸ்டரம்மா. இப்போது சத்தம் போடவில்லை. "அதையேதான்டா நானும் கேக்கணும்னு இருந்தேன். எனக்கு வாய் வரல. நீயே கேட்டுட்டே."

மகன் துண்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டான்.

"குழாயை நூலாத் திறந்தா அது வேலை செய்யாதுடா. நான் எப்பவும் நூலாத்தான் திறப்பேன். நீ இந்த வீட்டுல வளந்தவன், உனக்குத் தெரியாதா? சூடு வரல. நீ மனசு கஷ்டப்படுவேன்னு வருதுன்னு சொன்னேன். அடுப்புல காய்ச்சிக் குளிச்சேன். பொய் சொன்னது நிஜம்தான். உனக்காகச் சொன்ன பொய். நீ அந்தப் பொட்டியை நம்பினே. என்னை ஒரு வார்த்தை கேக்கல. என் புத்தி போச்சுன்னு மூணு பேரும் கூடி முடிவு பண்ணி, பொட்டியும் தூக்கிட்டு வந்துட்டீங்க." குரல் உடைந்தது. உடைய விடக் கூடாது என்றுதான் இத்தனை நாளும் பிடித்து வைத்திருந்தாள். "எனக்கு என்னைக்காவது நிஜமாவே ஞாபகம் தப்பும். அப்ப நீங்கதான் பாக்கணும். ஆனா அப்பவும் என்கிட்ட பேசுங்கடா. என்னைப் பத்திப் பேசாதீங்க."

"அம்மா..." என்று மகள் எழுந்தாள்.

"அந்தச் சூட்கேஸைக் கொண்டுபோய்க் கார்ல வை."

மகள் அண்ணனைப் பார்க்கவில்லை. சூட்கேஸை எடுத்துக்கொண்டு வெளியே போனாள். போகிற வழியில் வாசலில் டிரைவர், செருப்பை ஒரு காலில் மட்டும் மாட்டிக்கொண்டு, உள்ளே வரலாமா என்று தயங்கி நின்றுகொண்டிருந்தார்.

"வா, வா. உக்காரு" என்றாள் சிஸ்டரம்மா. கட்டுத்துணிப் பெட்டியை எடுத்துக்கொண்டு அவர் காலடியில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தாள். மருமகள் எதுவும் சொல்லாமல் வந்து பக்கத்தில் குந்தி, கத்தரிக்கோலை எடுத்துக் கொடுத்தாள்.

மகன் இன்னும் அதே இடத்தில் நின்றான். நுரை காதிலிருந்து தோளுக்கு இறங்கியிருந்தது. பெரிய மீசை வைத்த மனிதன், சின்ன வயதில் தோட்டத்துச் சேற்றில் விழுந்துவிட்டு வந்த நாளில் நின்ற மாதிரியே நின்றான்.

"அம்மா" என்றான். "நான் போய் சோப்பைக் கழுவிக்கட்டுமா?"

சிஸ்டரம்மா டிரைவரின் காலிலிருந்து கண்ணை எடுக்காமல் ஒரு கையால் போனை எடுத்தாள். சூட்டைப் பழையபடி ஏற்றினாள்.

"போ. குழாயை முழுசாத் திற" என்றாள். "நான் பாக்கல."

போனைத் திரை கண்ணில் படாதபடி கவிழ்த்து வைத்துவிட்டு, பழைய கட்டை அவிழ்க்க ஆரம்பித்தாள்.